ஷீலா அடித்தார், ஜேன் நின்று ஆடினார்

‘வைல்ட் வைல்ட் கன்ட்ரி’ ஆவணத்தொடரின் ஆட்ட நாயகி யார் என்று கேட்டால், பார்த்தவர்களில் பெரும்பாலோர் குரு ரஜனீஷின் செயலாளராக இருந்த மா ஆனந்த் ஷீலா என்பார்கள். 2018இல் நெட்ஃபிளிக்ஸில் ஆறு பாகங்களாக வந்து, அந்த ஆண்டே எம்மி விருதும் வாங்கிய தொடர். ரஜனீஷின் சீடர்கள் 1981இல் அமெரிக்காவின் ஒரேகன் மாநிலத்தில் ஏறத்தாழ 64,000 ஏக்கர் பண்ணையை வாங்கி, ரஜனீஷ்புரம் என்று ஒரு நகரையே எழுப்பினார்கள். 1985இல் எல்லாம் கலைந்தது.

ஷீலா எந்தப் பந்தையும் விடுவதில்லை. எதைக் கேட்டாலும் சிரிப்போடு ஓர் அடி. ரஜனீஷின் வழக்கறிஞர் நிரேன் வேறு ரகம்: இன்றும் குருவின் பக்கமே நிற்கிறார், பேசப் பேசக் கண் கலங்கிவிடுகிறார்.

என் ஓட்டு ஜேன் ஸ்டோர்க்குக்கு. ஆஸ்திரேலியாவில் கணவரும் இரண்டு பிள்ளைகளுமாக இருந்த இல்லத்தரசி. 1985 ஜூலையில் ரஜனீஷின் மருத்துவரை ஊசியால் குத்திக் கொல்ல முயன்று சிறைக்குப் போனவர். மருத்துவர் பிழைத்துக்கொண்டார். இதைச் சொல்லும்போது ஜேன் குரலை உயர்த்துவதில்லை, அழுது ஆதரவும் தேடுவதில்லை. குற்றத்தில் தன் பங்கைத் தானே சொல்கிறார். இப்படி நிதானமாக நின்று ஆடுகிறவருக்குக் கைதட்டல் குறைவுதான்.

கோட்டை விட்டவர்கள் இயக்குநர்கள். ஆயிரக்கணக்கானோர் ஒன்றாக வாழ்ந்த இடத்தில் சமையல் யார் பொறுப்பு, காய்ச்சல் வந்த பிள்ளையை யார் பார்த்தார்கள்? துப்பாக்கிக்கும் நீதிமன்றத்துக்கும் கிடைத்த நேரம் இதற்குக் கிடைக்கவில்லை.

இலங்கையின் கற்பிட்டிக் குடாநாட்டில் உள்ள எங்கள் ஆலங்குடாக்காரர் கண்ணில் இந்த ஓட்டை சட்டென்று படும். 1990 அக்டோபரில் விடுதலைப் புலிகள் வடக்கு முஸ்லிம்களை வெளியேற்றியபோது வந்தவர்கள் இங்கும் குடாநாட்டின் மற்ற ஊர்களிலும் முகாம்களில் ஒண்டினார்கள். அது யாரும் விரும்பித் தேடிய கூட்டு வாழ்க்கை அல்ல. அவர்களிடம் கமரா நீட்டுகிறவர்கள் பெரும்பாலும் யாழ்ப்பாணத்தில் வெளியேறக் கொடுத்த அந்த 2 மணி நேர அவகாசத்தைத்தான் கேட்கிறார்கள். கேட்க வேண்டியதுதான். ஆனால் அதற்குப் பின் கிடுகுக் கொட்டிலில் கழிந்த வருடங்கள்? கிணற்றடி வரிசை, வெங்காயத் தோட்டத்துக் கூலி, உள்ளூர்க்காரரோடு வந்த உரசல், அதே உள்ளூர்க்காரர் கொடுத்த சோறு? பேட்டி கொடுக்கிற உம்மாவுக்கு இதெல்லாம் நுனிநாக்கில் இருக்கும். கேள்வி அந்தப் பக்கம் திரும்பினால் சொல்வார்.

ஒரேகன் தொடர் விட்ட பிடியை மருஷா பெரிசோனியஸ் எடுத்திருக்கிறார். ரஜனீஷ் கம்யூன்களில் வளர்ந்த பிள்ளை அவர். 2024இல் வந்த ‘சில்ட்ரன் ஒஃப் த கல்ட்’ படத்தில், அங்கே வளர்ந்த மற்றவர்களையும் தேடிப்போய், சிறுவயதில் தங்களுக்கு நேர்ந்த பாலியல் கொடுமைகளைப் பேசவைக்கிறார். நட்சத்திர ஆட்டக்காரர் என்று அதில் யாருமில்லை. ஷீலாவின் சிரிப்பில் மயங்கியவர்கள் அதையும் ஒருமுறை பார்க்கலாம்.