பழைய படச்சுருள் சொல்வதும் சொல்லாததும்

வாய்மொழித் தேர்வில் காணொளி வந்த பிறகு நம் மாணவர்கள் ஒன்றை நல்லாவே கத்துக்கிட்டாங்க: திரையில் தெரிவதை வரிசையாகச் சொல்வது. ஆனால், "இதை யார் எடுத்தாங்க? எதுக்காக எடுத்தாங்க?" என்று கேட்டால் வகுப்பு அமைதியாகிவிடும். ஆவணப்படத்தில் பழைய காட்சி வரும்போது முதலில் எழ வேண்டியது இந்தக் கேள்விதான்.

புக்கிட் பாஞ்சாங்கிலிருந்து அப்பர் புக்கிட் தீமா சாலை வழியாக நகரை நோக்கிப் போனால் பழைய ஃபோர்டு தொழிற்சாலை வரும். 15.2.1942 அன்று ஜெனரல் பெர்சிவல் ஜப்பானியரிடம் சரணடைந்த இடம் அது. வெள்ளைக்கொடியும் பிரிட்டிஷ் கொடியும் ஏந்தி அதிகாரிகள் நடந்து வரும் காட்சியைப் பல ஆவணப்படங்களில் பார்த்திருப்பீர்கள். அதைப் படம்பிடித்தது ஜப்பானியக் கேமரா. காட்சி பொய்யில்லை. ஆனா, நாம எங்கே நின்னு பார்க்கணும்னு முடிவு செஞ்சது வென்றவர்தான். அதைச் சொல்லாமல் காட்சியை மட்டும் 'சான்று' என்று ஒட்டிவிடும் படம், பாதி உண்மையைத்தான் தருகிறது.

இன்னொரு சிக்கல், இல்லாத காட்சி. 1943இல் சிங்கப்பூரில் நேதாஜி இந்திய தேசிய இராணுவத்தைப் பார்வையிட்டது படச்சுருளில் இருக்கிறது. அதே காலத்தில் மலாயாத் தோட்டங்களிலிருந்து சயாம் மரண ரயில்பாதைக்குக் கொண்டுபோகப்பட்ட தமிழர்களோ படச்சுருளில் அரிதாகவே தென்படுகிறார்கள். அவர்களின் கதையைப் பெரும்பாலும் உயிர் பிழைத்தவர்களின் வாய்மொழியில்தான் தேட வேண்டும். படம் இல்லை என்பதால் நடக்கவில்லை என்று ஆகிவிடாது.

பழைய காட்சிகளை எப்படிக் கையாளலாம் என்பதற்குத் தமிழிலேயே முன்னோடி உண்டு. ஏ.கே. செட்டியார் பல நாடுகளில் அலைந்து, காந்தியைப் பற்றி ஏறத்தாழ 100 பேர் 30 ஆண்டுகளில் எடுத்திருந்த சுமார் 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டினார். அதிலிருந்து ஏறக்குறைய 12,000 அடியைத் தேர்ந்து, தமிழ் விளக்கவுரையோடு 1940இல் படமாக வெளியிட்டார். யார் யாரோ எடுத்த துண்டுகளுக்கு அவருடைய தேர்வும் தமிழ்க் குரலும் புதுப் பொருள் கொடுத்தன. அதே சமயம், மீதி 38,000 அடியில் என்ன இருந்தது என்ற கேள்வியும் நியாயமானதே. அந்தப் படமும் பல்லாண்டுகள் காணாமல் போனது. ஆ. இரா. வேங்கடாசலபதியின் தேடலில் அமெரிக்காவில் சுருக்கிய ஆங்கில வடிவம் ஒன்று கிடைத்தது. தொகுத்தவரின் படத்தையே இன்னொருவர் தேட வேண்டியதாயிற்று!

ஆசிரியர்களுக்கு ஒரு யோசனை. சரணடைந்த காட்சியை முதலில் ஒலியில்லாமல் காட்டுங்கள். பிறகு விளக்கவுரையோடு காட்டுங்கள். மாணவர்களிடம் மூன்று கேள்வி கேளுங்கள்: எடுத்தது யார்? விடுபட்டது எது? பேசும் குரல் யாருடையது? தேர்வில் கருத்துரைக்கும்போது இவற்றில் ஒன்றைத் தொட்டாலும், விடை வெறும் வருணனையாக நிற்காமல் திறனாய்வாக மாறும்.