வைரம் எந்த மட்டத்தில் இருக்கிறது? மைன்கிராஃப்டில் தேடலை ரசிப்பது எப்படி

மைன்கிராஃப்டில் வைரம் கிடைத்த பையனைப் பார்த்து, "உனக்கு லக்குடா" என்று மற்ற பிள்ளைகள் சொல்வதை வண்டலூர், ஊரப்பாக்கம், கூடுவாஞ்சேரி அடுக்குமாடிகளில் கோடை விடுமுறை முழுக்கக் கேட்கலாம். எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்த உலகத்தில் ஒவ்வொரு கல்லுக்கும் ஒரு மட்டம் வகுத்து வைத்திருக்கிறார்கள். தரையின் அடி −64, கட்டக்கூடிய உயரத்தின் உச்சி 320. வைரம் 16-க்குக் கீழேதான் தொடங்கும். ஆழம் போகப் போகக் கூடிக்கொண்டே போய், −59-ஐ ஒட்டி மிகுதியாக இருக்கும். இது தெரிந்து இறங்குபவர் வெறுங்கையோடு திரும்புவது அரிது. பத்தாவது நிமிடத்தில் கிடைக்குமா, நாற்பதாவது நிமிடத்தில் கிடைக்குமா என்பது மட்டுமே அதிர்ஷ்டத்தின் பங்கு. வைரம் பையில் விழுவது ஒரு நொடி. அதற்கு முந்தைய அரை மணி நேரம் நிலத்தைப் படிக்கும் நேரம். ரசிக்கவேண்டிய பகுதி அதுதான்.

நிலத்தைப் படித்து அரிய பொருளைக் கண்டெடுத்த வரலாறு நம் ரயில் பாதையிலேயே இருக்கிறது. வண்டலூரில் ஏறினால் ஐந்தாவது நிலையம் பல்லாவரம். 1863 மே 30 அன்று, அங்கே ராணுவ மைதானத்தை ஒட்டிச் சரளைக்காகத் தோண்டிய குழி ஒன்றில் இராபர்ட் புரூஸ் ஃபூட் ஒரு கல்லைக் கண்டார். அவர் இந்திய நிலவியல் ஆய்வுத் துறையில் வேலை பார்த்தவர். தானாக உடைந்த கல் அப்படி இருக்காது, யாரோ தட்டிச் செதுக்கிய கல் இது என்று அவர் கண்ணுக்குத் தெரிந்தது. இந்தியாவில் அடையாளம் காணப்பட்ட முதல் பழைய கற்காலக் கருவி அதுதான். பிரான்சின் ஆற்றுச் சரளைகளில் கிடைத்த கற்கருவிகள் மிகத் தொன்மையானவை என்று 1859-இல் ஐரோப்பிய அறிஞர்கள் ஒப்புக்கொண்டிருந்தார்கள். அது ஃபூட்டுக்குத் தெரியும். எதைத் தேடுவது என்பது மனத்தில் இருந்ததால்தான், ஆயிரம் பேர் கடந்துபோன குழியில் அவர் கண்ணுக்கு மட்டும் அது பட்டது.

அவர் அடுத்துச் செய்ததுதான் விளையாடுபவர்களுக்கான பாடம். கல் கிடைத்த இடத்தையே அவர் சுற்றிச் சுற்றி வரவில்லை. எந்த மண்ணில் கிடைத்தது என்று பார்த்தார். செம்புரைக்கல் கலந்த சரளை. அதே சரளை வேறெங்கே வெளியே தெரிகிறது என்று தேடிப் போனார். அதே ஆண்டு செப்டம்பர் 28 அன்று, உடன் பணியாற்றிய வில்லியம் கிங்கோடு சேர்ந்து, திருவள்ளூர்ப் பக்கம் கொசஸ்தலையாற்றுப் படுகையில் அதிரம்பாக்கத்தை அடைந்தார். அங்கே கருவிகள் குவியலாகக் கிடைத்தன. முதல் பொருள் கிடைத்ததும் அது இருந்த அடுக்கைத் தெரிந்துகொள்வது, பிறகு அந்த அடுக்கு திறந்து கிடக்கும் இடத்துக்குப் போவது. மைன்கிராஃப்டில் கெட்டிக்காரத்தனம் என்பதும் முழுக்க முழுக்க இவ்வளவுதான்.

இனி இறங்குவோம். முதல் வேலை, திரையில் ஆயத்தொலைவு தெரியும்படி வைத்துக்கொள்வது. கைபேசியில் விளையாடுபவர்கள் உலகத்தின் அமைப்புகளில் அதை இயக்கலாம். கணினியின் ஜாவா பதிப்பில் எஃப்3 விசை. மூன்று எண்கள் வரும். நடு எண்ணான ஒய்தான் உயரம். அதை மட்டும் ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டே படிக்கட்டு வெட்டி மெதுவாக இறங்குங்கள். காலடியில் நேராகத் தோண்டி இறங்குவது ஆபத்து. அடுத்த கல்லுக்குக் கீழே லாவா இருந்தால் எல்லாம் போயிற்று. அதைவிடப் பெரிய நஷ்டம் ஒன்று உண்டு. நேராக விழுகிறவர் எந்த அடுக்கையும் பார்ப்பதில்லை.

படிக்கட்டில் இறங்குபவர் எல்லாவற்றையும் பார்க்கிறார். மேலே நிலக்கரி கொத்துக் கொத்தாக வரும். 48 மட்டத்தை நெருங்கும்போது செம்பு. 16-ஐ ஒட்டி இரும்பு நிறைய. 8-க்கும் 0-க்கும் இடையே சாம்பல் கல்லோடு அடர்நிறக் கல் ஒன்று கலந்து வந்து, 0-க்குக் கீழே முழுக்க அதுவே ஆகிவிடும். அதற்கு டீப்ஸ்லேட் என்று பெயர். சாதாரணக் கல்லைப்போல இரண்டு மடங்கு கடினம் அதற்கு. கடப்பாறை படும் ஓசையே மாறிவிடும். கண்ணை மூடிக்கொண்டுகூட, "இப்போது பூஜ்ஜியத்துக்குக் கீழே வந்துவிட்டேன்" என்று சொல்லிவிடலாம். இந்த மாற்றத்தைக் காதால் உணரத் தொடங்கும் நாளில் நீங்கள் இந்த விளையாட்டுக்குள் உண்மையாகவே நுழைந்துவிட்டீர்கள் என்று சொல்வேன்.

காதைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்லவேண்டும். பாட்டை நிறுத்திவிட்டு ஹெட்போன் போட்டுக்கொள்ளுங்கள். லாவாவின் கொப்பளிப்பு, தண்ணீர் ஓடும் ஓசை, சுவருக்கு அப்பால் உறுமும் ஜாம்பி: இவை எல்லாம் அருகில் குகை இருக்கிறது என்ற செய்திகள். ஜாவா பதிப்பில் சப்டைட்டிலை இயக்கினால், எந்த ஓசை எந்தப் பக்கத்திலிருந்து வருகிறது என்று அம்புக்குறியோடு எழுத்தில் வரும். காது கேளாதவர்களாலும் இந்தத் தேடலில் முழுமையாகப் பங்கெடுக்க முடிகிறது. எனக்கு இந்த ஏற்பாட்டின்மேல் தனி மரியாதை உண்டு.

குகை அருகில் இருப்பது நல்லதா? இரும்புக்கும் செம்புக்கும் நல்லது. சுவர் முழுக்க அவை கண்ணுக்குத் தெரியும். வைரத்துக்குக் கணக்கு வேறு. காற்று படும் இடத்தில் வைரத்தைக் குறைத்தே வைத்திருக்கிறார்கள். குகைச் சுவரில் வரவேண்டிய கொத்துகளில் பாதிக்கு மேல் அங்கே உருவாகாமலே போய்விடும். கெட்டிப் பாறைக்குள் அந்தக் குறைப்பு இல்லை. ஆகவே −59-இல் இரண்டு கட்டை (பிளாக்) உயரத்துக்கு நேராக ஒரு சுரங்கப்பாதை வெட்டி, இரண்டு பக்கமும் கிளை பிரித்து, ஒரு கிளைக்கும் அடுத்ததற்கும் நடுவே இரண்டு கட்டையை விட்டுவைக்கும் பழைய முறை இன்றைக்கும் பலிக்கிறது. அந்த ஆழத்தில் குகைகளின் அடியில் லாவா நிறைந்திருக்கும். அதன் மட்டம் −55-லிருந்து கீழே. ஒரு வாளி தண்ணீர் கையில் இருக்கட்டும்.

நீல ஒளிப்புள்ளி தெரிந்ததும் உடனே வெட்டாதீர்கள். முதலில் அதைச் சுற்றியிருக்கும் கல்லை எடுங்கள். கொத்து எவ்வளவு பெரிது, எந்தப் பக்கம் நீள்கிறது, பின்னால் லாவா உண்டா என்பதெல்லாம் தெரிந்துவிடும். இரும்புக் கடப்பாறைக்குக் கீழான எதைக் கொண்டும் வெட்டக்கூடாது. கல் உடையும், வைரம் கிடைக்காது. அவசரம் இல்லையென்றால் அந்த இடத்தின் எண்ணைக் குறித்துவைத்துக்கொண்டு மேலே வந்துவிடலாம். ஃபார்ச்சூன் 3 என்ற மந்திரம் ஏற்றிய கடப்பாறையோடு திரும்பிப் போனால் ஒரு கல்லுக்குச் சராசரியாக 2.2 வைரம் விழும். கண்ணெதிரே இருக்கும் வைரத்தை விட்டுவிட்டு வருகிற அந்தப் பொறுமைக்கு ஒரு சுவை உண்டு. பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தால் புரிந்துகொள்கிறார்கள்.

பழைய ஆட்டக்காரர் யாராவது, "11-க்குப் போ, வைரம் அங்கேதான்" என்று சொல்லக்கூடும். அவர் சொல்வது ஒரு காலத்தில் சரி. 2021 நவம்பர் 30 அன்று வந்த 1.18 பதிப்பில் நிலத்தடியையே திருத்தி எழுதிவிட்டார்கள். எந்த ஆலோசனையானாலும் எந்தப் பதிப்புக்குச் சொன்னது என்று கேட்டுக்கொள்வது நல்லது.

தரைக்கு மேலேயே நின்று கீழே இருப்பதை அறிவது எனக்கு மிகப் பிடித்த பகுதி. காட்டில் நடந்துபோகும்போது இளஞ்சிவப்புப் பூ பூத்த அசேலியா மரம் ஒன்று தென்பட்டால் நில்லுங்கள். அதன் வேர்மண்ணைத் தொடர்ந்து கீழே போனால் பாசியும் ஒளிவிடும் பழக்கொடிகளும் நிறைந்த பசுங்குகை ஒன்று இருக்கும். கடலில் டால்பினுக்குப் பச்சை மீன் கொடுத்தால், மூழ்கிய கப்பலையோ கடலடி இடிபாட்டையோ நோக்கி அது நீந்திப் போகும்; பின்னாலேயே போகலாம். மரகதம் மலைப்பகுதிக்கு வெளியே மண்ணில் கிடையாது. சிவந்த மேட்டு நிலமான பேட்லேண்ட்ஸில் தங்கம் மற்ற இடங்களைவிட அதிகம். 0-க்கு மேலே கிரானைட்டும் செம்பும் பின்னிக்கொண்டு நீண்டால் அது சாதாரணக் கொத்து இல்லை, நூற்றுக்கணக்கான கட்டைகள் கொண்ட பெரிய தாதுக்கொடி. ஆழத்தில் டஃப் கல்லோடு இரும்பு அதேபோல வரும். துணைக்கல்லைப் பார்த்துத் தாதுவை ஊகிக்கும் இந்த வழக்கம் உண்மையான நிலவியலாளர்களுடையது.

விளையாட்டின் பாதாள உலகமான நெதரில் தேடல் முரட்டுத்தனமானது. அங்கே ஏன்ஷியன்ட் டெப்ரிஸ் என்ற பொருள் 15 மட்டத்தை ஒட்டி மிகுதி. காற்று படும் இடத்தில் உருவாகவே உருவாகாது. வெடிக்கு அசையாத பொருள் என்பதால், அங்கே கட்டிலைப் போட்டுப் படுக்க முயன்று வெடிக்கவைத்துச் சுற்றியுள்ள பாறையைத் தகர்க்கிறார்கள். இடையில் ஒரு கட்டையை மறைப்பாக வைக்காவிட்டால் வெடிப்பில் நீங்களே போய்விடுவீர்கள். டெப்ரிஸை உருக்கிக் கிடைக்கும் துண்டு நான்கும் தங்கக்கட்டி நான்கும் சேர்ந்தால் ஒரு நெதரைட் கட்டி. வேகமான வழி, சந்தேகமில்லை. படிக்க அங்கே அதிகம் எதுவும் இல்லை.

அதற்கு நேர்மாறானது 2023 ஜூனில் வந்த 1.20 பதிப்பின் தூரிகை. இடிபாடுகளில் சற்றே வேறுபட்ட சரளைக் கட்டைகள் சில இருக்கும். மண்வெட்டியால் வெட்டினால் உள்ளே இருப்பது அழிந்துவிடும். தூரிகையால் மெல்லத் தேய்த்தால் படம் பொறித்த பானை ஓடு ஒன்று தலைகாட்டக்கூடும். எந்தக் கட்டை வேறுபட்டது என்று கண்டுபிடிக்கவே கண் பழகவேண்டும். அகழாய்வில் பொருளைவிட அது கிடந்த இடத்துக்கு மதிப்பு அதிகம் என்பதைப் பிள்ளைகளுக்கு விளக்க இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை. அதிரம்பாக்கத்தில் தொல்லியலாளர் சாந்தி பப்பு குழுவினர் அடுக்கடுக்காகத் தோண்டி, எந்த அடுக்கில் எது என்று பதிந்துவைத்ததால்தான், அங்குள்ள மிகப் பழைய கருவிகளின் வயது சுமார் 15 லட்சம் ஆண்டு என்று 2011-இல் சொல்ல முடிந்தது.

ஒரு மைன்கிராஃப்ட் உலகம் உருவாக அடிப்படையான சீட் எண்ணைக் கொடுத்தால் எல்லாப் புதையலையும் வரைபடமாகக் காட்டிவிடும் கருவிகள் உண்டு. கல்லை ஊடுருவிப் பார்க்கும் எக்ஸ்ரே வசதியும் உண்டு. பெரிய கட்டடம் ஒன்றுக்குப் பொருள் மட்டும் வேண்டுமென்றால் கிரியேட்டிவ் மோடிலேயே எல்லாம் கிடைக்கும், அங்கே கட்டுங்கள். பொருளைத் தேடியே சேர்க்கவேண்டிய சர்வைவல் மோடில் இந்தக் கருவிகளைத் தொடவேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. நான் இதுவரை சொன்ன எதுவும் அவற்றுக்குப் பிறகு மிஞ்சாது.

விளையாடும் பிள்ளையை வண்டலூர் மலைப்பக்கம் ஒருமுறை அழைத்துப்போங்கள். உயிரியல் பூங்காவை ஒட்டிய இந்த மலையும், பல்லாவரமும், பரங்கிமலையும் சார்னோகைட் என்ற பாறை. நீலஞ்சேர்ந்த சாம்பல் நிறம், ஈரமில்லாமலே எண்ணெய் தடவியதுபோன்ற மினுக்கம். கல்கத்தாவில் கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி ஜாப் சார்னாக்கின் கல்லறைக்கல்லை ஆராய்ந்த நிலவியலாளர் தாமஸ் ஹாலண்ட், 1893-இல் சார்னாக்கின் பெயரையே பாறைக்கு வைத்தார். கிரானைட், டயோரைட், ஆண்டசைட் என்று மூன்று பாறைப் பெயர்களைத் திரையிலிருந்தே கற்றுக்கொண்ட பிள்ளைக்கு நான்காவது பெயர் சட்டென்று பிடித்துவிடும். கைவிடப்பட்ட கல்குவாரிகளுக்குள் மட்டும் இறங்கவேண்டாம்; தண்ணீரின் ஆழம் தெரியாது. ஓரத்தில் நின்று பார்த்தாலே வெட்டுமுகம் நன்றாகத் தெரியும்.

ஃபூட் சேகரித்த கருவிகளை 1904-இல் சென்னை அருங்காட்சியகம் வாங்கியது. வண்டலூரில் கடற்கரை வண்டி ஏறினால் பல்லாவரத்தைக் கடந்து நேராக எழும்பூரில் இறங்கலாம். தொல்பழங்காலப் பிரிவில் கருவிகளின் அழகைவிட அவற்றின் ஓரத்தைப் பாருங்கள். எத்தனை தட்டு, எந்தப் பக்கத்திலிருந்து என்று எண்ணிப் பார்க்கச் சொல்லுங்கள். வெள்ளிக்கிழமை அருங்காட்சியகத்துக்கு விடுமுறை.