ஆஜரானார் அதிகாரி, ஆணை என்ன ஆனது?

ஓய்வூதிய நிலுவையை 12 வாரங்களுக்குள் வழங்க உயர் நீதிமன்றம் உத்தரவிடுகிறது. கெடு முடிந்தும் கோப்பு அசைவதில்லை. அவமதிப்பு மனு தாக்கலாகி, துறைச் செயலாளர் நேரில் ஆஜராக வேண்டும் என்றதும் விசாரணைக்கு முந்தைய நாள் அரசாணை வெளியாகிறது. அல்லது அன்றைக்குத்தான் மேல்முறையீடு தாக்கலாகிறது. அரசை எதிர்த்து வென்றவர்களுக்குப் பழகிப்போன கதை இது.

நீதிமன்றத்துக்குச் சொந்தமாகக் காவல் படையோ கருவூலமோ இல்லை. பதவியில் இருப்பவரைப் பெயர் சொல்லிக் கூண்டில் நிறுத்தும் அதிகாரமாவது இருப்பதால்தான் பல தீர்ப்புகள் காகிதத்தைத் தாண்டுகின்றன. மர அறுவை ஆலைகள் தொடர்பான உத்தரவை மீறியதற்காக, 2006-ல் மகாராஷ்டிர அமைச்சர் ஸ்வரூப்சிங் நாயக்குக்கும் முதன்மைச் செயலாளர் ஒருவருக்கும் உச்ச நீதிமன்றம் ஒரு மாதச் சிறை விதித்தது. எந்த நாற்காலியும் விலக்கல்ல என்பதை அத்தீர்ப்பு உணர்த்தியது.

அதே அதிகாரம் தடம் புரள்வதும் உண்டு. ஓய்வுபெற்ற நீதிபதிகளுக்கான வசதிகள் குறித்த வழக்கில், உத்தரவைத் திரும்பப் பெறக் கோரியதையே அவமதிப்பாகக் கொண்டு, 2023-ல் அலகாபாத் உயர் நீதிமன்றம் உத்தரப் பிரதேச நிதித்துறை அதிகாரிகள் இருவரைக் காவலில் வைத்தது. 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் இதை ரத்து செய்தது. சட்டம் தரும் வழியை நாடுவது அவமதிப்பாகாது என்றது. அதிகாரிகளை நேரில் அழைப்பதற்கு நடைமுறை வகுத்து, முதலில் காணொலி வழி ஆஜராக வாய்ப்பளிக்கச் சொன்னது.

ஆனால் பெரிய குறை வேறிடத்தில் இருக்கிறது. 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி உச்ச தண்டனை ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம். மன்னிப்புக் கேட்டால் அதையும் தவிர்க்கலாம். வேண்டுமென்றே மீறியதாக நிறுவ வேண்டும். அதற்குள் அதிகாரி மாறுதலாகிவிடுவார், புதியவர் அவகாசம் கேட்பார். 'மனுவைப் பரிசீலிக்கவும்' என்ற உத்தரவாக இருந்தால், பரிசீலித்து நிராகரித்தாலே பணிந்ததாகிவிடும்; மனுதாரர் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டும். தண்டிக்கப்பட்ட அதிகாரிக்கு 19-ஆம் பிரிவு மேல்முறையீட்டு உரிமை தருகிறது; அவமதிப்பு இல்லை என்று மனு தள்ளுபடியானால் மனுதாரருக்கு அப்பிரிவில் இடமில்லை. வழக்கு நீதிமன்றத்துக்கும் அதிகாரிக்கும் இடையிலானதாகிவிடுகிறது, பாதிக்கப்பட்டவர் பார்வையாளர்.

தடையாணையை மீறிக் குண்டூரில் குடிசைகளை இடித்த துணை ஆட்சியரை, 2025-ல் உச்ச நீதிமன்றம் சிறைக்கு அனுப்பாமல் தாசில்தாராகப் பதவியிறக்கி, ஒரு லட்சம் ரூபாய் அபராதம் விதித்தது. அவமதிப்புச் சட்டத்தின் தண்டனைப் பட்டியலில் இல்லாத வழியைத் தேட வேண்டியிருந்ததே அப்பட்டியலின் போதாமைக்குச் சான்று.

மீறியவர் தலைகுனிகிறாரா என்பதைவிட, வென்றவருக்கு உரியது சேர்ந்ததா என்பதே அளவுகோலாக வேண்டும். எந்தப் பதவியில் இருப்பவர், எந்தத் தேதிக்குள் செய்ய வேண்டும் என்பதைத் தீர்ப்பே சொல்லட்டும். தாமதத்துக்கு வட்டி மனுதாரருக்குப் போகட்டும். காரணமானவர் சம்பளத்திலிருந்து அது பிடிக்கப்படட்டும். உத்தரவு நிறைவேறும்வரை, மன்னிப்பை ஏற்று வழக்கை முடிப்பதில் நீதிமன்றம் அவசரம் காட்ட வேண்டியதில்லை.