நிறுத்திவைக்கப்பட்ட ஒரு சம்பள ஏற்றம்

சுரிந்தர் சிங் கண்டா என்ற மலாயா போலீஸ் இன்ஸ்பெக்டர் 1958இல் வேலையிலிருந்து நீக்கப்பட்டார். அவரைப் பற்றிய விசாரணைக் குழுவின் அறிக்கை, தண்டனை முடிவைச் சொல்லவேண்டிய அதிகாரியின் கையில் இருந்தது. அவருக்கு மட்டும் காட்டப்படவில்லை. பினாங்கு உயர் நீதிமன்றம் அந்த நீக்கம் செல்லாது என்றது. மேல்முறையீட்டில் தோற்ற கண்டா, லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய் 1962 ஏப்ரலில் வென்றார்.

அந்த லண்டன் மன்றத்துக்கு அன்று பினாங்கின் ஜார்ஜ்டவுனிலிருந்தும் கொழும்பிலிருந்தும் வழக்குகள் போய்க்கொண்டிருந்தன. இந்தியா 1949லேயே அந்த வழியை மூடிவிட்டது. யாழ்ப்பாணத்திலிருந்து ரயில்வேக்கும் எழுத்தர் வேலைக்கும் வந்தவர்களின் பேரப்பிள்ளைகளும், தமிழகத்திலிருந்து வந்தவர்களின் பேரப்பிள்ளைகளும் ஒரே ஊரில் வாழும் பினாங்கிலிருந்து பார்த்தால், பிரிட்டிஷார் விட்டுச்சென்ற பணிவிதிகள் பாக்கு நீரிணையின் இரு கரைகளிலும் எவ்வளவு விலகி வளர்ந்திருக்கின்றன என்பது தெரியும்.

விலகல் சம்பளத்தில்தான் தொடங்கியது. ஐ.சி.எஸ். அதிகாரி லால் தொடுத்த வழக்கில், அவரது நீக்கம் செல்லாது, ஆனால் சம்பள பாக்கியைக் கேட்டு வழக்காட முடியாது என்று பிரிவி கவுன்சில் 1948இல் கூறியது. இந்திய உச்ச நீதிமன்றம் 1954இல் அதை ஏற்க மறுத்தது. பீகார் போலீஸ் சப்-இன்ஸ்பெக்டர் அப்துல் மஜீதுக்கு, வேலையை விட்டு நிறுத்தப்பட்டிருந்த காலத்துச் சம்பளம் கிடைத்தது.

இலங்கையில் அதே கேள்வி மொழிப் பிரச்சினையோடு பின்னிக்கொண்டு வந்தது. 1952இல் அரசாங்க எழுதுவினைஞராகச் சேர்ந்த கோடீஸ்வரன், 1961ஆம் ஆண்டுத் திறைசேரிச் சுற்றறிக்கை கேட்ட சிங்களத் தேர்ச்சிப் பரீட்சையை எழுத மறுத்தார். 1962 ஏப்ரலில் வரவேண்டிய சம்பள ஏற்றம் நிறுத்தப்பட்டது. கொழும்பு மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிரெட்சர் 1964இல், 1956ஆம் ஆண்டின் சிங்களம் மட்டும் சட்டமே சமூகங்களிடையே பாகுபாடு காட்டும் சட்டங்களைத் தடுத்த அரசியலமைப்பின் 29ஆம் பிரிவுக்கு முரணானது என்று தீர்ப்பளித்தார். ஒரு சம்பள ஏற்றத்துக்காகத் தொடுத்த வழக்கு நாட்டின் மொழிச் சட்டத்தையே ஆட்டிவிட்டது. 1967இல் இலங்கையின் உச்ச மன்றமான உயர் நீதிமன்றம் மொழிக் கேள்வியைத் தொடவே இல்லை. முடியின் ஊழியர் சம்பளத்துக்காக வழக்காட முடியாது என்று சொல்லித் தீர்ப்பை மாற்றியது. 1969 டிசம்பரில் பிரிவி கவுன்சில், வழக்காட முடியும் என்று முடிவுசெய்து, மொழிக் கேள்வியை உயர் நீதிமன்றமே தீர்க்கட்டும் என்று திருப்பி அனுப்பியது. அது தீர்க்கப்படவேயில்லை. அடுத்து வந்த 1972ஆம் ஆண்டு அரசியலமைப்பு சிங்களத்தின் ஆட்சிமொழி இடத்தைத் தனக்குள்ளேயே எழுதிக்கொண்டது. 29ஆம் பிரிவும் மறைந்தது. இலங்கைச் சட்ட வரலாற்றில் இதைவிடக் கசப்பான வெற்றி அரிது.

பதவி உயர்வுச் சண்டை இன்று எங்கே நடக்கிறது? இலங்கையில் அரசாங்க சேவை ஆணைக்குழுவின் முடிவை எதிர்த்து, 2002ஆம் ஆண்டுச் சட்டப்படி அமைந்த நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபைக்குப் போகலாம். இல்லையென்றால் 126ஆம் உறுப்புரையின்கீழ் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு. அதற்கு ஒரு மாதம்தான் கெடு. மட்டக்களப்பில் வேலைபார்க்கும் ஒருவர் தன் பெயர் பதவி உயர்வுப் பட்டியலில் இல்லை என்று அறிந்து, காரணம் கேட்டு எழுதி, சட்டத்தரணியைத் தேடிக் கொழும்புக்குப் போக ஒரு மாதம் போதாது. இந்தியாவில் கதவுகள் அதிகம். மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் 1985 முதல் இயங்குகிறது. அதன் தீர்ப்பை உயர் நீதிமன்றம் பரிசீலிக்கலாம் என்று 1997இல் சந்திரகுமார் வழக்கில் முடிவானது. தமிழ்நாட்டுக்கென இருந்த தீர்ப்பாயம் கலைக்கப்பட்டபின் பணிமூப்பு வழக்குகள் ரிட் மனுக்களாகச் சென்னை உயர் நீதிமன்றத்தில் குவிகின்றன. தீர்ப்பு வருவதற்குள் மனுதாரர் ஓய்வு பெற்றுவிடுவதும் உண்டு. ஆனாலும் தாமதமாகத் திறக்கும் கதவு, ஒரு மாதத்தில் பூட்டிக்கொள்ளும் கதவைவிட மேல்.

ஓய்வூதியத்தில் வேறுபாடு இன்னும் கூர்மையானது. இலங்கையின் ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பு, அரசு ஊழியருக்கு ஓய்வூதியத்தில் முழுமையான உரிமை இல்லை என்றே தொடங்குகிறது. இந்திய உச்ச நீதிமன்றமோ 1971இல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் ஓய்வூதியத்தைச் சொத்துரிமை என்றது. 1979 மார்ச் 31க்குமுன் ஓய்வு பெற்றவர்களுக்குப் புதிய கணக்கு கிடையாது என்று மத்திய அரசு கோடு போட்டபோது, நகாரா வழக்கில் 1982 டிசம்பர் 17 அன்று ஐந்து நீதிபதிகள் அந்தக் கோட்டை அழித்தார்கள். ஓய்வூதியர் சங்கங்கள் அந்த நாளை ஓய்வூதியர் தினமாகக் கொண்டாடுகின்றன.

அதேபோன்ற தேதிக்கோடுதான் 2020க்குமுன் ஓய்வு பெற்ற இலங்கையர்களை வாட்டியது. 2016 முதல் 2020 வரை அடிப்படைச் சம்பளம் படிப்படியாக உயர்ந்தது. அதற்கேற்ற ஓய்வூதியம் அவர்களை வந்தடையவில்லை.

மலேசியாவில் இந்தப் பாதுகாப்பு கூட்டரசு அரசியலமைப்பிலேயே இருக்கிறது. ஓய்வூதியரின் நிலையைப் பின்னால் வரும் சட்டம் மோசமாக்கக் கூடாது என்கிறது 147ஆம் பிரிவு. பணியிலிருப்போரின் சம்பளத்தை ஒட்டி உயர்ந்துவந்த ஓய்வூதியத்தை, 2013ஆம் ஆண்டுத் திருத்தம் ஆண்டுக்கு 2 விழுக்காடு என்று கட்டிப்போட்டது. ஓய்வு பெற்ற அதிகாரி அமினா அகமதுவும் இன்னும் 56 பேரும் வழக்குத் தொடுத்தார்கள். முதலில் தோற்றார்கள்; 2022 ஜனவரியில் மேல்முறையீட்டு நீதிமன்றத்திலும் 2023 ஜூனில் கூட்டரசு நீதிமன்றத்திலும் வென்றார்கள். இலங்கை ஓய்வூதியருக்குக் கைப்பிடியாக அப்படியொரு பிரிவு இல்லை. அவர்களுக்கான திருத்தம் 2025ஆம் ஆண்டு வரவுசெலவுத் திட்டத்தில் அறிவிப்பாக வந்தது. மூன்று கட்டங்கள், கடைசிக் கட்டம் 2027 ஜூலையில்.