வம்சமும் ப்ரபாவமும்: உத்தமநம்பி வம்சாவளியை வாசிக்கும் முறை

திருவரங்கத்தில் கோயில் நிர்வாகம் வகித்த உத்தமநம்பிகளின் குடி பெரியாழ்வாரின் வழியில் வந்தது என்று உரிமை கூறுவது. அதனைச் சொல்லும் நூல் ‘உத்தமநம்பி வம்ச ப்ரபாவம்’. இந்நூலைக் குறித்து இருவகைக் கருத்துகள் வழங்குகின்றன. ஒரு சாரார் இதனை முழுதும் ப்ரமாணமாகக் கொள்வர். மற்றொரு சாரார் கட்டுக்கதை என்று தள்ளுவர். இரண்டும் நூலை வாசிக்காமலே சொல்லத்தக்கவை.

மறுப்போர் முதலில் எடுத்துக்காட்டுவது ஆழ்வாரின் திருவாக்கையே. பெரியாழ்வார் திருமொழி மூன்றாம் பத்தில், தமக்கு ஒரே மகள் என்றும் அவளைத் திருமால் கொண்டுபோனான் என்றும் ஒரு பாசுரம் பேசுகிறது. ஒரே மகளை உடையவர்க்குப் பிள்ளை வழி ஏது என்பது அவர்களின் வாதம். இது வாதமாகாது. அப்பதிகம் தலைமகளின் தாய் பேசும் தாய்ப்பாசுரம். துறையை மறந்து அதனைக் குடும்பக் கணக்காக எடுப்பதானால், முற்பகுதிப் பதிகங்களில் யசோதையாக நின்று கண்ணனுக்கு நீராட்டியதையும் பூச்சூட்டியதையும் அப்படியே கொண்டு, ஆழ்வாருக்கு ஆண்மகவு உண்டென்றும் ஸாதிக்க வேண்டிவரும். ஆண்டாளின் சரிதத்தோடு அப்பாசுரத்தைப் பொருத்தி அநுபவிப்பது ரஸிகர்களுக்கு உகந்ததே. வம்ச விசாரத்தில் அதற்கு ஸாக்ஷி ஸ்தானம் இல்லை.

ஆதரிப்போர் எதிர்கொள்ள வேண்டிய தடை வேறு. அது கணக்கைச் சேர்ந்தது. குருபரம்பரை நூல்கள் ஆழ்வாரின் திருவவதாரத்தைக் கலி பிறந்து ஐம்பது ஆண்டு நிறைவதற்குள் வைக்கின்றன. நம்பெருமாள் மீண்டும் திருவரங்கம் எழுந்தருளியது சகம் 1293, அதாவது கி.பி. 1371. இடையே ஏறத்தாழ 4,400 ஆண்டுகள். தலைமுறைக்கு முப்பது ஆண்டு என்று கொண்டாலும் நூற்று நாற்பதுக்குக் குறையாத பெயர்கள் வேண்டும். பரத்வம் அறுதியிட்ட ஸபைக்குரிய வல்லபதேவன் ஒன்பதாம் நூற்றாண்டுப் பாண்டியன் ஸ்ரீமாற ஸ்ரீவல்லபனே என்று ஆராய்ச்சியாளர் சிலர் கருதுகின்றனர். அவ்வாறாயின் பதினேழு தலைமுறை அளவில் கணக்கு நிறைந்துவிடும். கலிக்கணக்கையும் நெருங்கிய வம்சாவளியையும் ஒருங்கே பற்றிக்கொள்ள முடியாது. ஆதரிப்போர் ஒன்றை விட்டே ஆகவேண்டும்.

கலியாண்டு கொண்டு எழுதுவது பிழையான வழக்கம் என்று இதனால் கொள்ளலாகாது. மதுரைக்கு அருகே ஆனைமலையடியில் நரஸிம்ஹப் பெருமானின் குடைவரைக் கல்வெட்டும் கலியாண்டு கொண்டே எழுதப்பட்டது. கலி 3871, அதாவது கி.பி. 770. களக்குடியாகிய கரவந்தபுரத்து வைத்ய குலத்தவன், பாண்டியன் நெடுஞ்சடையனின் மந்திரி மாறன் காரி கற்றளி செய்வித்தான். ப்ரதிஷ்டைக்கு முன்னே அவன் மறைய, தம்பி மாறன் எயினன் அப்பதவி ஏற்று முகமண்டபம் அமைத்து நீர்தெளித்தான். ஊர், குலம், பதவி, உடன்பிறப்பு, ஆண்டு என வம்சம் எழுதுவோர்க்கு வேண்டிய யாவும் அச்சிறிய கல்வெட்டில் உள்ளன. புகழ்ச்சிக்காக முன்னோர் பட்டியல் நீட்டப்படவில்லை.

வம்சம் எழுத முற்படும் க்ருஹஸ்தர்கள், கப்பலூரிலாயினும் கும்பகோணத்திலாயினும், காணும் நிலை ஒன்றே. தர்ப்பணத்தில் பித்ரு, பிதாமஹ, ப்ரபிதாமஹ என்று மூன்று பெயர்கள் வாயில் நிற்கும். அபிவாதநத்தில் ப்ரவர ரிஷிகளின் பெயர்கள் நிற்கும். இடைப்பட்ட நெடுங்காலம் வெற்றிடம். பாட்டனார் திருநாமத்தைப் பேரனுக்கு இடும் வழக்கத்தால் இரண்டு பெயர்களே மாறி மாறி வந்து, யார் எவர் என்பதும் மயங்கும். வெற்றிடத்தைப் புராணப் பெயர்களால் நிரப்பும் ஆசை இங்கேதான் எழுகிறது. வில்லிபுத்தூரிலிருந்து இன்று திருமங்கலம், கப்பலூர் வழியாக அடையும் கூடல் நகரில் பொற்கிழி அறுத்த அவ்வாழ்வாரோ, திருப்பல்லாண்டு ஆறாம் பாட்டில் ஏழு தலைமுறை எண்ணியபோது ஒருவர் பெயரையும் சொல்லவில்லை. அவர்கள் வழிவழியாகச் செய்த கைங்கர்யத்தையே சொன்னார்.

வெற்றிடத்தை நிரப்புவதற்கும் நம் ஸம்ப்ரதாயத்தில் ஒரு மரியாதை உண்டு. பெரியாழ்வார் திருமொழிக்குப் பெரியவாச்சான் பிள்ளை அருளிய வ்யாக்யாநத்தின் பெரும்பகுதி செல்லரித்துப் போயிற்று. மணவாள மாமுனிகள் இழந்த பகுதிக்குத் தாமே உரையிட்டு, பிள்ளையின் உரை கிடைத்த சொல்லளவில் நிறுத்தியருளினார். எது பிள்ளையினுடையது, எது மாமுனிகளுடையது என்பது இன்றும் பிரித்தறியக் கிடக்கிறது. வம்ச ப்ரபாவத்தின் குறை இதுவே. பெயர்களை நிரப்பியது குற்றமன்று. நிரப்பிய இடம் தெரியாதபடி நிரப்பியதே குற்றம். ஓலையில் கண்டது, செவிவழி கேட்டது, ஊகித்தது எல்லாம் ஒரே குரலில் வருகின்றன.

ஆயினும் நூலைத் தள்ளுவது நஷ்டம். விஜயநகர காலத்துச் செய்திகளில் அதன் தரம் உயர்கிறது. இரண்டாம் தேவராயன் காலத்துத் திருவரங்கச் சாஸனங்கள் உத்தமநம்பியைப் பெயரிட்டே பேசுகின்றன. அங்கே நூலையும் கல்லையும் எதிரெதிரே வைத்துப் பார்க்க இயலும். பதினான்காம் நூற்றாண்டின் பிற்பகுதி முதல் குடும்ப ஆவணமாகவும், அதற்கு மேற்பட்டதைக் குடும்பத்தின் பக்தியாகவும் வாசிப்பதே தகும்.

திருவரங்கத்தில் நிகழ்ந்த அக்கலாபத்தில் பெருமாளோடு புறப்பட்ட பிள்ளை லோகாசாரியர், ஆனைமலைப் பக்கத்து ஜ்யோதிஷ்குடியில் திருநாடு எய்தினார். அவர் நைஷ்டிக ப்ரஹ்மசாரி. ஜந்ம வம்சம் இல்லை. அவருடைய சிஷ்யர் கூரகுலோத்தமதாஸர், மதுரையில் ராஜகார்யம் பார்த்துக்கொண்டிருந்த கொந்தகையூர்த் திருமலையாழ்வாரைத் தேடிச் சென்று மீட்டார். அவரே திருவாய்மொழிப்பிள்ளை, அவர் திருவடிகளில் ஆச்ரயித்தவர் மாமுனிகள். இந்நால்வரில் ஒருவரும் மற்றொருவர்க்குப் பிள்ளையல்லர். வைகைக்கரையில் அறுபடவிருந்த பரம்பரை இவர்களால் நின்றது.