பட்டகோனிய வெல்ஷ் எழுத்துகளில் நட்பும் நிலவுரிமையும்

வெல்ஷ் மொழியில் ‘வ்லாட்வா’ என்னும் சொல், அர்ஜென்டினாவின் சுபுட் ஆற்றுப் பள்ளத்தாக்கில் 1865இல் அமைந்த குடியேற்றத்தின் பெயராகவே வழங்குகிறது. பேரரசுகளின் காலனிகளைக் குறிக்க அம்மொழியில் வேறொரு சொல் உண்டு. இவ்வேறுபாடு சிறியதன்று. தமிழாய்வில் அகதியையும் தோட்டத் தொழிலாளியையும் நிலம் பெற்றுக் குடியேறியவரையும் ‘புலம்பெயர்ந்தோர்’ என ஒரே சொல்லில் அடக்கிவிடுகிறோம். அச்சொல்லைக் கொண்டு நோக்கினால், வ்லாட்வா மொழி காத்த மக்களின் கதையாக மட்டுமே தோன்றும். அம்மொழி எவருடைய நிலத்தில் காக்கப்பட்டது என்னும் வினாவை அக்குடியேற்றத்தின் எழுத்துகளை முன்வைத்தே எழுப்ப இக்கட்டுரை முயல்கிறது.

வெளியேற்றத்திற்கான காரணங்கள் வலியவை. 1847இல் வெளிவந்த அரசு ஆணைய அறிக்கை, வெல்ஷ் மொழியைக் கல்விக்கும் ஒழுக்கத்திற்கும் தடையெனப் பழித்தது. அமெரிக்காவில் குடியேறிய தம் மக்கள் ஆங்கிலத்தில் கரைந்துவருவதை நேரில் கண்ட மதபோதகர் மைக்கேல் டி. ஜோன்ஸ், ஆங்கிலம் எட்டாத இடமொன்றை நாடினார். 1865 மே 28இல் லிவர்பூலிலிருந்து புறப்பட்ட ‘மிமோசா’ கப்பல், ஏறத்தாழ 150 பேருடன் ஜூலை 28இல் இன்றைய புவேர்ட்டோ மாத்ரின் கரையை அடைந்தது. பட்டகோனியா மீது தன் இறையாண்மையை நிறுவ அர்ஜென்டினாவுக்குக் குடிகள் தேவைப்பட்டனர். நிலம் எளிதாகக் கிடைத்தமைக்கு அதுவே காரணம்.

வறண்ட அப்பள்ளத்தாக்கில் வாய்க்கால் வெட்டிய பின்னரே கோதுமை விளைந்தது. இங்கு வெல்ஷ் மொழி வழிபாட்டுக்கும் வீட்டுக்கும் மட்டும் உரியதாக இருக்கவில்லை. ஊராட்சி, வழக்குமன்றம், பள்ளி ஆகிய அனைத்தும் அதில் நடந்தன. ஆர். ஜே. பெர்வின் எழுதிய வெல்ஷ் வாசிப்புநூல் 1878இல் வந்தது. வேல்ஸ் நாட்டிலேயே அக்காலத்தில் வெல்ஷுக்கு வாய்க்காத அதிகாரம் இது. மொழி நிலைத்தமைக்குப் பற்றைக் காட்டிலும் இவ்வதிகாரமே முதற்காரணம் எனக் கருதுகிறேன். அவ்வதிகாரம் நிலத்தின் மீது நின்றது. அந்நிலத்திற்கோ வேறு உரியவர்கள் இருந்தனர்.

இக்குடியேற்றத்தின் முதன்மைப் படைப்பாளர் எலினெட் மோர்கன் (1870–1938). குடியேற்றத் தலைவர் லூயிஸ் ஜோன்ஸின் மகளான இவர் கப்பலில் பிறந்தவர். கடலில் பிறந்தமையாலேயே ‘மோர்கன்’ என்னும் பெயர் வந்தது. 1904இல் வெளியான இவரது ‘ட்ரிங்கோர் ஆண்டிஸ்’ (ஆண்டிஸ் ஏறுதல்) ஒரு பயணநூல். தொல்குடியினர்பால் அந்நூல் கொண்ட பரிவு உண்மையானது. நாகரிகத்தின் பெயரால் அவர்கள் அழிக்கப்பட்டதை அது கண்டிக்கவும் செய்கிறது. ஆனால் அப்பரிவில் தொல்குடியினர் ஏற்கெனவே மறைந்துபோனவர்களின் சாயலைப் பெற்றுவிடுகின்றனர். இன்காக்களைப் பற்றி அவர் பின்னர் எழுதிய ‘பிளான்ட் யர் ஹயில்’ (1915) நூலையும் உடன்வைத்து நோக்கினால் இப்போக்கு தெளிவாகும். அங்குக் குற்றம் ஸ்பானியருடையது, இரங்கல் வெல்ஷ் எழுத்தாளருடையது. தன் தந்தையின் பெயரால் ட்ரெலியூ என்றொரு நகரமே எழுந்த நிலம் எவ்வாறு கைக்கு வந்தது என்பது இவ்விரங்கலின் எல்லைக்கு வெளியே நின்றுவிடுகிறது.

அவ்வினாவைத் தொல்குடியினர் எழுப்பாமலில்லை. கப்பல் வந்த ஆண்டின் இறுதியிலேயே பாம்பா மக்களின் தலைவர் அந்தோனியோ, குடியேற்றத் தலைவருக்குக் கடிதம் எழுதுவித்தார். அரசோடு நீங்கள் உடன்பாடு செய்துகொண்டது அறிவோம். இந்நிலத்திற்கு உரியவர்களான எங்களோடும் அதைச் செய்ய வேண்டும் என்பது அதன் சாரம். ரொட்டிக்கு இறைச்சியும் இறகும் தோலும் மாறிய வணிகத்தையும், தெஹுவெல்ச்சே மக்கள் கற்றுத்தந்த வேட்டையையும் விரித்துரைக்கும் நட்புக் கதைகளில் இக்கடிதத்திற்கு உரிய இடம் கிட்டியதில்லை. நட்பு பொய்யென்பதன்று. அர்ஜென்டினப் படையெடுப்பின்போது, 1883இல், தொல்குடியினரிடம் இரக்கம் காட்டுமாறு குடியேறியோர் படைத்தலைமைக்கு விண்ணப்பித்தனர். எனினும் கடிதம் கேட்டது உரிமையை. விண்ணப்பம் வேண்டியது இரக்கத்தை.

இவ்விடைவெளி மிகக் கூர்மையாக வெளிப்படுவது, குழந்தையாக மிமோசாவில் வந்த ஜான் டேனியல் எவன்ஸின் நினைவுக்குறிப்புகளில்தான். வால்சேட்டாவில் கம்பிவேலிக்குள் அடைக்கப்பட்டிருந்த தொல்குடியினர், அவ்வழியே சென்ற வெல்ஷ்காரர்களை அடையாளம் கண்டு ‘பாரா’ என வெல்ஷ் மொழியில் ரொட்டி கேட்கின்றனர். அவர்களுள் ஒருவர் எவன்ஸின் இளமைத் தோழர். பணத்துடன் பின்னர் அவரை மீட்கத் திரும்பும்போது தோழர் இறந்துவிட்டிருந்தார். எவன்ஸ் இதனைத் துயரத்தின் சான்றாகவே எழுதுகிறார். மொழி பற்றிய சான்றாகவும் இப்பகுதியை வாசிக்க வேண்டும். வேலிக்குள் இருந்தவர் வெளியில் இருந்தவரின் மொழியைக் கற்றிருந்தார். மறுதிசையில் அத்தகைய கற்றல் எவ்வளவு நிகழ்ந்தது என்று கேட்காத வாசிப்பு, மொழி காத்தல் பற்றிய வாசிப்பாக முழுமை பெறாது.

லூசி டெய்லர் இந்நட்பைக் காலனிய அதிகாரத்திற்கு உட்பட்ட உறவாக ஆராய்ந்துள்ளார். ஜெரால்டின் லப்ளின் வெல்ஷ் வழித்தோன்றல்களின் ஸ்பானிய நினைவுக்குறிப்புகளை 2017இல் நூலாக ஆராய்ந்தார். இவ்விரு ஆய்வுகளையும் இணைத்து நோக்குதல் பயனுடையது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் பள்ளிகள் ஸ்பானியத்திற்கு மாறின. பல குடும்பங்களின் பேச்சுமொழியும் காலப்போக்கில் மாறியது. நட்புக் கதையோ ஸ்பானியத்திலும் தொடர்கிறது. வெல்ஷ் பேசாத வழித்தோன்றலுக்கும் அது இந்நிலத்தில் தம் இருப்பை நியாயப்படுத்தித் தருகிறது.

1997 முதல் வேல்ஸிலிருந்து ஆசிரியர்கள் அனுப்பப்பட்டு, காய்மன், ட்ரெலியூ, ட்ரெவெலின் ஆகிய ஊர்களில் வெல்ஷ் மீண்டும் கற்பிக்கப்படுகிறது. அந்தோனியோவின் மக்கள் பேசிய குனுனா குனே மொழி இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியோடு பேச்சு வழக்கொழிந்தது.