பர்ஸ் உருவியவரும் ஹோமரும்: குர்ட் போய்ஸின் சிறு வேடங்கள்

‘காசாபிளாங்கா’ (1942) படத்தில் வீதியோரக் கடையில் ஓர் ஆங்கிலத் தம்பதி உட்கார்ந்திருக்கிறார்கள். ஒல்லியான சிறு மனிதர் ஒருவர் பக்கத்தில் வந்து, ஊரெல்லாம் கழுகுகள் திரிகின்றன, ஜாக்கிரதை என்று உருக்கமாகப் பேசுகிறார். பேச்சு முடிவதற்குள் கணவரின் பர்ஸ் கைமாறிவிடுகிறது. பிறகு இன்னொரு காட்சியில் அவர் உணவு விடுதிச் சிப்பந்தி மீது லேசாக மோதிவிட்டுப் போக, சிப்பந்தி பதறித் தன் சட்டைப்பைகளைத் தடவிப் பார்க்கிறார். குர்ட் போய்ஸுக்கு அந்தப் படத்தில் இவ்வளவுதான் வேலை. முகத்தில் அனுதாபம், கையில் திருட்டு. இரண்டையும் ஒரே மூச்சில் செய்யத் தெரிந்தவர்கள் அதிகமில்லை.

அவர் சிறு வேடத்துக்குப் பிறந்தவர் அல்லர். 1901இல் பெர்லினில் பிறந்து, பத்து வயதுக்குள்ளாகவே மேடையும் சினிமாவும் கண்டவர். இருபதுகளில் ‘சார்லியின் அத்தை’ நாடகத்தில் பெண் வேடமிட்டு ஊரைச் சிரிக்கவைத்த நட்சத்திரம். நாஜிகள் வந்ததும் யூதரான அவர் நாட்டைவிட்டுக் கிளம்ப வேண்டியதாயிற்று. 1940இல் வந்த ‘நித்திய யூதன்’ என்ற வெறுப்புப் பிரச்சாரப் படத்தில், 1927இல் அவர் பெண் வேடமிட்டு நடித்த ஒரு நகைச்சுவைப் படத்தின் துண்டைச் செருகினார்கள். விரட்டிய பிறகும் அவருடைய முகம் அவர்களுக்குத் தேவைப்பட்டிருக்கிறது.

அவர் போய்ச் சேர்ந்த ஹாலிவுட்டில் அகதி நடிகர்களுக்கு உச்சரிப்பையும் உருவத்தையும் பார்த்தே வேடம் பிரித்தார்கள். நெடிய உருவமும் இறுகிய முகமும் இருந்ததால், நாஜிகளை வெறுத்து வெளியேறிய கான்ராட் ஃபைட்டுக்கே அதே ‘காசாபிளாங்கா’வில் நாஜி மேஜர் வேடம் கிடைத்தது. ஹாம்பர்க்கில் பிறந்த சிக் ரூமான், ‘டு பி ஆர் நாட் டு பி’யில் அதே சீருடையைக் கோமாளித்தனமாக மாட்டிக்கொண்டார். போய்ஸின் உடம்புக்குச் சீருடை பொருந்தாது. பரிமாறுபவர், எடுபிடி, விசாவுக்குக் காத்திருக்கும் அகதி என்று காலம் போயிற்று. பல படங்களில் கண்ணிமைத்தால் தவறவிட்டுவிடுவோம்.

விதிவிலக்கு ‘காட்’ (1949). இயக்கியவர் மேக்ஸ் ஓஃபுல்ஸ், அவரும் ஜெர்மனியிலிருந்து வந்த அகதி. கோடீஸ்வரரின் கூலிக் கூட்டாளியாக, முதலாளி உறுமும்போதெல்லாம் பியானோவில் விரலை ஓட்டிச் சமாளிக்கும் ஃபிரான்ஸியாக போய்ஸ் வருகிறார். அந்த இளிப்புக்குள் தன்மீதே ஓர் அருவருப்பு இருக்கிறது. அமெரிக்காவில் அவர் செய்ததில் இதுவே சிறந்தது என்பேன்.

1950இல் ஜெர்மனி திரும்பினார். 1952இல் கிழக்கு பெர்லினில், நாடகாசிரியர் பிரெக்ட்டின் பெர்லினர் ஆன்சாம்பிள் குழுவில் பண்ணையார் புந்திலா வேடம்: குடித்தால் மனிதன், தெளிந்தால் எஜமான். பர்ஸ் உருவியவரின் அதே இரட்டைத்தனம் நாடகம் முழுவதற்கும் நீண்டது. சில ஆண்டுகளில் மேற்கு பெர்லினுக்குப் போனார். பிறகு தொலைக்காட்சி, மேடை, அவ்வப்போது ஒரு படம்.

இன்று அவரை நினைவில் வைத்திருப்பவர்களுக்கு அவர் விம் வெண்டர்ஸின் ‘விங்ஸ் ஆஃப் டிசையர்’ (1987) படத்துக் கிழவர் ஹோமர்தான். பெர்லின் சுவரை ஒட்டிய பொட்டலில் நின்று, போட்ஸ்டாமர் பிளாட்ஸ் எங்கே, காபிக் கடை எங்கே, சுருட்டுக்கடை எங்கே என்று தேடுகிறார். அந்தச் சதுக்கத்தின் சந்தடியைக் கண்ணால் பார்த்த பெர்லின்காரர் தேடுவதால் காட்சிக்கு வலு கூடுகிறது. அடுத்த ஆண்டு, முதன்முதலாக வழங்கப்பட்ட ஐரோப்பியத் திரைப்பட விருதுகளில் சிறந்த துணை நடிகர் விருது அவருக்கு. ஆனாலும் வெண்டர்ஸ் அவரைக் கொஞ்சம் அதிகமாகவே வணங்கிவிட்டார். போய்ஸின் குறும்புக்கு அங்கே இடமில்லை.

அது வேண்டுமென்றால் ‘நினைவு’ (1982) என்ற ஆவணப்படத்தைத் தேடிப் பிடிக்க வேண்டும். இளைய நடிகர்களான புரூனோ கான்ஸும் ஓட்டோ சாண்டரும் எடுத்தது. போய்ஸும் அவர் காலத்து நடிகர் பெர்ன்ஹார்ட் மினெட்டியும் இருக்கிறார்கள். வெண்டர்ஸ் படத்தின் இரண்டு தேவதைகளும் அந்த இளைய நடிகர்கள்தான்.